சான்ஸே தராத சான்ஸ்: பாஸ் ஃபைட் சிமுலேட்டர் என்றால் என்ன?

போன கோடை லீவில் அக்கா மகன் வீட்டுக்கு வந்திருந்தான். மதியச் சாப்பாட்டுக்கு அப்புறம் என் லேப்டாப்பை எடுத்துக்கொண்டு ஊஞ்சலில் உட்கார்ந்தவன் ஒரு மணி நேரமாக அசையவில்லை. எட்டிப் பார்த்தேன். கறுப்புத் திரை, நடுவில் வெள்ளைக் கோட்டில் ஒரு பெட்டி, பெட்டிக்குள் சின்னதாக ஒரு இதயம், சுற்றிலும் பறக்கும் எலும்புகள். ஏழெட்டு நொடிதான். இதயம் உடைகிறது, பையன் என்டரைத் தட்டுகிறான், அதே எலும்புகள் அதே இடத்திலிருந்து மறுபடி வருகின்றன. "என்னடா கேம் இது, வந்ததே வந்துட்டிருக்கு?" என்றேன். "இது கேம் இல்ல மாமா, கேமுக்குப் பிராக்டிஸ்" என்றான், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல்.

கேமுக்கு எதற்குத் தனியாகப் பிராக்டிஸ், கேமை ஆடுவதே பிராக்டிஸ்தானே என்று உங்களுக்குத் தோன்றலாம். எனக்கும் அப்படித்தான் தோன்றியது. அதற்குப் பதில் தேடப் போய் நானும் அந்தப் பெட்டிக்குள் இரண்டு வாரம் மாட்டிக்கொண்டேன்.

முதலில் 'பாஸ்' யார் என்று சொல்லிவிடுகிறேன். சம்பளம் தருகிற பாஸ் இல்லை. வழியெல்லாம் வரும் சில்லறை எதிரிகளைத் தாண்டிய பின் ஒரு கட்டத்தின் கடைசியில் வழிமறித்து நிற்கும் பெரிய எதிரிக்கு வீடியோ கேமில் அந்தப் பெயர். அவனோடு நடப்பது பாஸ் ஃபைட். நல்ல பாஸுக்கு ஒரு தாளம் உண்டு. இந்தச் சைகைக்கு இந்த அடி, இந்த அடிக்குப் பின் இவ்வளவு இடைவெளி என்று எல்லாம் முன்கூட்டியே எழுதி வைத்தது. அந்தத் தாளம் பிடிபட்டுவிட்டால் ஜெயிக்கலாம். பிடிபடுவதற்குள் பத்துத் தடவை சாகலாம், நூறு தடவையும் சாகலாம்.

சாவதில் பெரிய நஷ்டம் எதுவும் இல்லை. செத்த பின் மறுபடி அந்த இடத்துக்கு வந்து சேர்வதுதான் பாடு. கடைசியாகச் சேவ் செய்த இடத்திலிருந்து நடக்க வேண்டும், வசனத்தைத் தட்டித் தட்டிக் கடக்க வேண்டும், ஏற்கெனவே நன்றாகத் தெரிந்த முதல் பாதிச் சண்டையை மறுபடி ஆட வேண்டும். அப்புறம்தான் நாம் தடுக்கி விழுந்த அந்த ஒரு இடம் வரும். அங்கே இரண்டு நொடியில் விழுவோம். திரும்பவும் முதலிலிருந்து.

இதில் ஒரு வேடிக்கை இருக்கிறது. இப்படி ஒரு மணி நேரம் ஆடினால் முதல் தாக்குதலைக் கண்ணை மூடிக்கொண்டே தாண்டும் அளவுக்குப் பழகிவிடுவோம். நமக்கு வராத அந்தக் கடைசித் தாக்குதலோடு கழித்த நேரத்தைக் கூட்டிப் பார்த்தால் ஒரு நிமிடம் தேறாது. ஏற்கெனவே வருவதற்கே கேம் திரும்பத் திரும்பப் பயிற்சி தருகிறது. வராதது வராமலே கிடக்கிறது.

யார்க்கர் ஆட வராத பேட்ஸ்மேன், மேட்சில் யாராவது யார்க்கர் போடட்டும் என்று காத்திருப்பதில்லை. நெட்ஸுக்குப் போய் பந்து எறியும் மெஷினை அந்த நீளத்துக்கு வைத்து நூறு பந்து ஆடுகிறார். பாஸ் ஃபைட் சிமுலேட்டரும் அப்படி ஒரு மெஷின்தான். ஒரு கேமின் ரசிகர்கள் அதிலிருந்து அந்தச் சண்டையை மட்டும் பெயர்த்தெடுத்து, அதே தாளத்தில், பெரும்பாலும் பிரவுசரிலேயே ஓடும்படி, காசு வாங்காமல் செய்து வைப்பது. அசல் கேமின் கோப்புகளை இது தொடாது. கேமுக்குள்ளேயே கைவைத்து மாற்றும் 'மாட்' வேறு. இது புதிதாக எழுதப்பட்ட தனிப் பிரதி.

என் அக்கா மகன் மாட்டிக்கொண்டிருந்தது இந்த வகையில் மிகப் பிரபலமான ஒன்றில். பேட் டைம் சிமுலேட்டர் என்று பெயர். அண்டர்டேல் கேமில் வரும் சான்ஸ் என்ற எலும்புக்கூட்டோடு போடும் சண்டை.

அண்டர்டேல் 2015 செப்டம்பர் 15 அன்று வெளியானது. டோபி ஃபாக்ஸ் என்ற அமெரிக்கர் கதை, இசை, நிரல் எல்லாவற்றையும் ஏறக்குறையத் தானே செய்தார். இந்தக் கேமில் எதிரிகளைக் கொல்லாமலே கடைசிவரை போகலாம், பேசிச் சமாதானம் செய்துகொள்ளலாம். இல்லை, கண்ணில் பட்ட எல்லோரையும் தேடித் தேடிக் கொல்வேன் என்று கிளம்பினால் கடைசியில் தூண்கள் வரிசையாக நிற்கும் ஒரு பொன்னிற நடைக்கூடத்தில் சான்ஸ் காத்திருப்பான். அதுவரை வழியெல்லாம் மொக்கை ஜோக் அடித்துக்கொண்டு வந்த அதே சான்ஸ். (பெயரைத் தமிழில் எழுதினால் வாய்ப்பு என்று பொருள் தருகிற அந்தச் சான்ஸாகிவிடுகிறது. என்ன செய்வது? அவன் தருவதோ ஒரு சான்ஸும் இல்லை.)

அவனைப் பற்றிய விவரத்தை மெனுவில் தட்டிப் பார்த்தால், இருப்பதிலேயே எளிய எதிரி, ஒரு புள்ளி அடிதான் அடிப்பான் என்று வரும். பொய் இல்லை. ஆனால் மற்ற எதிரிகளிடம் அடி வாங்கினால் அடுத்த அடி பட முடியாதபடி நம் இதயம் கொஞ்ச நேரம் மினுமினுக்கும், அதற்குள் நகர்ந்துவிடலாம். சான்ஸிடம் அந்தச் சலுகை கிடையாது. கேம் நொடிக்கு 30 ஃபிரேம், அதாவது 30 படம், ஓடுகிறது. எலும்பு உங்கள்மேல் பட்டுக்கொண்டிருக்கும் ஒவ்வொரு ஃபிரேமுக்கும் ஒரு புள்ளி போகும். ஒரு நொடி பட்டால் 30. அந்தக் கட்டத்தில் உங்களிடம் இருக்கும் உயிர் மொத்தம் 92. இது போதாதென்று பட்ட இடத்தில் விஷம் மாதிரி ஒன்று ஏறிக்கொண்டு, விலகி வந்த பின்னும் கொஞ்சம் கொஞ்சமாக உயிரைக் குறைக்கும். நாம் திருப்பி அடித்தாலோ, பக்கவாட்டில் நகர்ந்து தப்பித்துக்கொள்வான். மற்ற எதிரிகள் எல்லாம் அடி வாங்குவதற்கென்றே நின்ற இடத்தில் நிற்பவர்கள். நகரலாம் என்று யோசித்தவன் இவன் ஒருவன்தான்.

சண்டையின் தொடக்கத்தை மட்டும் கொஞ்சம் கிட்டத்தில் பார்க்கலாம். அண்டர்டேலில் நாமும் எதிரியும் முறை வைத்து மாறி மாறித்தான் அடிக்க வேண்டும், வழக்கமாக முதல் முறை நம்முடையது. சான்ஸ் அந்த மரியாதையும் பார்ப்பதில்லை. பறவை பாடுகிறது, பூ பூத்திருக்கிறது என்று இதமாகப் பேசிக்கொண்டிருந்தவன் சட்டென்று நம் இதயத்தை நீலமாக்கித் தரையில் அறைவான். நீலமானால் இதயத்துக்கு எடை வந்துவிடும், மிதக்க முடியாது, குதிக்கத்தான் முடியும். அறைந்த வேகத்திலேயே தரையிலிருந்து எலும்புகள் குத்திக்கொண்டு கிளம்பும். மேல் அம்புக்குறியை அழுத்திக் குதித்துத் தப்பினால், இதயம் மறுபடி சிவப்பாகும். மேலும் கீழுமாக எலும்பு வரிசை, நடுவில் நெளிந்து நெளிந்து போகும் ஒரு சந்து. அந்தச் சந்துக்குள்ளேயே நாமும் நெளிய வேண்டும். அது முடிந்ததும் நான்கு பக்கமும் மண்டையோடுகள் முளைத்து வாயைத் திறந்து வெள்ளை ஒளியைக் கக்கும். முதல் தடவை ஆடுகிற யாரும் இதைத் தாண்டியதாக நான் பார்த்ததில்லை. பெட்டிக்குள் நடப்பது என்ன என்று புரிவதற்கு முன்பே எல்லாம் முடிந்திருக்கும்.

செத்தால், சேவ் செய்த இடத்திலிருந்து அந்த நடைக்கூடத்துக்கு மறுபடி நடக்க வேண்டும். சான்ஸ் நம் முகத்தைப் பார்த்து, இது ரெண்டு தடவை செத்தவன் முகம், இது மூணு தடவை என்று எண்ணிச் சொல்வான். கேமாகப் பார்த்தால் அருமையான கிண்டல். நாற்பதாவது தடவை நடக்கும்போது அது கிண்டலாகத் தெரியாது, எரிச்சலாகத்தான் இருக்கும்.

சிமுலேட்டர் அந்த நடையையும் பேச்சையும் வெட்டி எறிந்துவிடுகிறது. திறந்தவுடன் பெட்டி, இதயம், எலும்பு. முழுச் சண்டையையும் வரிசையாக ஆடலாம். முடிவே இல்லாமல் தாக்குதல்கள் வந்துகொண்டே இருக்கும்படியும் ஆடலாம். உண்மையில் உதவுவது மூன்றாவது வழி: பட்டியலிலிருந்து ஒரே ஒரு தாக்குதலைத் தேர்ந்தெடுத்து அதை மட்டும் ஆடுவது. அசலில் கால் மணி நேரத்துக்கு ஒரு தடவை கண்ணில் படுகிற அதே ஏழு நொடியை இங்கே கால் மணி நேரத்தில் ஐம்பது அறுபது தடவை பார்க்கலாம். ஊஞ்சலில் நடந்துகொண்டிருந்தது அதுதான்.

எப்படிப் பிரதி எடுக்கிறார்கள்

கேமின் உள் நிரல் ரசிகர்கள் கையில் பெரும்பாலும் இருக்காது. பிறகு எப்படி அச்சு அசலாக அதே தாளம் வருகிறது?

வீடியோதான் முதல் கருவி. சண்டையைப் பதிவு செய்துகொண்டு ஒவ்வொரு ஃபிரேமாக நகர்த்திப் பார்ப்பார்கள். எலும்பு முதலில் தெரிந்தது எத்தனையாவது ஃபிரேமில், பெட்டியின் எந்த ஓரத்தில், ஃபிரேமுக்குத் திரையில் எத்தனை பிக்சல் நகர்கிறது என்றெல்லாம் குறித்துக்கொள்வார்கள். கேமின் கோப்புகளைப் பிரித்துப் பார்க்கத் தெரிந்தவர்கள் எண்களை அங்கிருந்தே எடுப்பதும் உண்டு. குறித்ததை வரிசைப்படுத்தினால் சமையல் குறிப்பு மாதிரி ஒரு பட்டியல் கிடைக்கும். இவ்வளவு நேரம் பொறு, பெட்டியை இந்த அளவுக்குச் சுருக்கு, இடது ஓரத்தில் இந்த உயரத்தில் ஒரு எலும்பை இந்த வேகத்தில் விடு, மறுபடி பொறு. பேட் டைம் சிமுலேட்டரில் ஒவ்வொரு தாக்குதலும் இப்படிக் காற்புள்ளி போட்டுப் பிரித்த ஒரு சாதாரண எழுத்துக் கோப்புதான். அதனால் அந்தப் பட்டியலை நாமே எழுதி, நாமே ஒரு தாக்குதலை உருவாக்கி, உள்ளே ஏற்றி ஆடவும் முடிகிறது.

கண்ணுக்குத் தெரியாத ஒன்றையும் பிரதி எடுத்தாக வேண்டும். அதற்கு ஹிட்பாக்ஸ் என்று பெயர். திரையில் இதயம் இதய வடிவில் தெரியும். ஆனால் அடி பட்டதா இல்லையா என்று கணக்குப் பார்க்கும் கம்ப்யூட்டருக்குப் பெரும்பாலும் அது ஒரு சதுரம்தான். அந்தச் சதுரம் இதயப் படத்தைவிடக் கொஞ்சம் சின்னதாக இருந்தால் எலும்பு உரசியது போலத் தெரிந்தும் அடி படாது. சிமுலேட்டர் செய்பவர் அந்தச் சதுரத்தை இரண்டு பிக்சல் பெரிதாக வைத்துவிட்டார் என்றால், அசலில் தாராளமாக நுழையக்கூடிய சந்து இங்கே அடைபட்டுப் போகும். நீங்களும் இல்லாத கஷ்டத்துக்குப் பயிற்சி எடுத்துக்கொண்டிருப்பீர்கள்.

ஃபிரேம் கணக்கில் இன்னொரு வழுக்கல் உண்டு. அசல் நொடிக்கு 30 ஃபிரேம். இன்றைய பிரவுசர் பெரும்பாலும் நொடிக்கு 60 தடவை திரையைப் புதுப்பிக்கிறது. ஃபிரேமுக்கு ஒரு புள்ளி என்று அப்படியே எழுதி வைத்தால் ஒரு நொடிக்கு 60 புள்ளி போகும், இரண்டு மடங்கு கொடூரமான சான்ஸ் கிடைப்பான். அதனால் நல்ல சிமுலேட்டர்கள் திரை எவ்வளவு வேகத்தில் ஓடினாலும் உள்ளே கடிகாரத்தை அசலின் வேகத்தில் வைத்திருக்கும். படம் அழகாக இருக்கிறதா என்பதை நான் பார்ப்பதே இல்லை. அசலின் வீடியோவைப் பக்கத்தில் ஓடவிட்டு இரண்டும் சேர்ந்து ஓடுகிறதா என்று பார்ப்பேன்.

நொடியில் பத்தில் ஆறு பங்கு

அண்டர்டேலில் கைவேகம் வேண்டும். கைவேகம் அதிகம் தேவைப்படாத, ஆனால் தோற்றால் விலை பயங்கரமாக இருக்கிற கேமுக்கும் சிமுலேட்டர் வந்திருக்கிறது. ஓல்ட் ஸ்கூல் ரூன்ஸ்கேப், பிரிட்டனின் ஜாகெக்ஸ் நிறுவனத்தினுடையது, 2013இல் தொடங்கியது. இணையத்தில் ஆயிரக்கணக்கானோர் ஒரே உலகில் ஆடும் கேம். இதன் உலகத்தில் காலம் வழுக்கிக்கொண்டு ஓடாது, 0.6 நொடிக்கு ஒரு தடவை டிக் அடிக்கும். நீங்கள் எப்போது கிளிக் செய்தாலும் அடுத்த டிக்கில்தான் அது நடக்கும். அரக்கர்களும் கட்டம் போட்ட தரையில் டிக்குக்கு டிக்தான் நகர்வார்கள். கிட்டத்தட்டச் சதுரங்கம், ஆனால் யோசிக்க முக்கால் நொடிகூடக் கிடைக்காது.

இங்கே ஒரு குகையில் 62 அலை எதிரிகளைத் தாண்டினால் 63ஆவது அலையில் ஜாட் வருவான். அவன் தூரத்திலிருந்து அடிக்கும் அடி இரண்டு விதம். முன்னங்காலைத் தூக்கித் தரையில் ஓங்கி மிதித்தால் மேலிருந்து பாறை விழும். காலைத் தூக்கியபடியே தொங்கவிட்டால் மந்திர நெருப்பு வரும். எந்த அடி என்று பார்த்து அதைத் தடுக்கும் பிரார்த்தனையை, அதாவது அதற்கான பொத்தானை, போட்டுவிட்டால் ஒன்றும் ஆகாது. மாற்றிப் போட்டால் ஒரே அடியில் 97 வரை போகும். உயிரை எவ்வளவு வளர்த்து வைத்திருந்தாலும் வழக்கமான உச்சம் 99. அதாவது ஒரு தவறுக்குக்கூடப் பெரும்பாலும் இடமில்லை. தவறினால் முதல் அலையிலிருந்து ஆட வேண்டும்.

சொல்லும்போது எளிதுதான்: மிதித்தால் இது, தொங்கவிட்டால் அது. ஆனால் ஒரு மணி நேரம் வேர்த்து விறுவிறுத்து வந்து சேர்ந்தவன் கை அந்த நேரத்தில் நடுங்கும். அதனால்தான் ஜாட் மட்டும் தனியாக நின்று காலைத் தூக்கிக்கொண்டே இருக்கும் சின்னச் சின்னப் பயிற்சிப் பக்கங்களை ரசிகர்கள் செய்தார்கள். இரண்டு பொத்தான், ஒரு ஜாட். பத்து நிமிடம் அதில் உட்கார்ந்தால் கண் பார்த்ததும் கை தானாகப் போகும்.

2017 ஜூன் மாதம் இதற்கு அண்ணன் ஒருவன் வந்தான். இன்ஃபெர்னோ என்ற அறைகூவல், 69 அலை. 67ஆவது அலையில் ஒரு ஜாட், 68ஆவதில் மூன்று ஜாட் ஒன்றாக. 69ஆவதில் ஸுக். அவன் அடியைப் பிரார்த்தனையால் தடுக்கவே முடியாது. இடவலமாக நகர்ந்துகொண்டே இருக்கும் ஒரு கேடயத்துக்குப் பின்னால் ஒளிந்து ஒளிந்து நாமும் நகர வேண்டும். கேடயத்தை விட்டு விலகினால் பெரும்பாலும் ஓர் அடி போதும். இந்தக் கடைசி அறையைப் பார்க்கவே முந்தைய 68 அலையையும் கடந்திருக்க வேண்டும். கேம் தருகிற வழியில் மட்டும் போனால், ஸுக்கோடு பழக முப்பது தடவை வேண்டும் என்றால் முப்பது முறை அத்தனை அலையையும் ஆட வேண்டும். யாரிடம் இருக்கிறது அவ்வளவு நேரம்?

இன்ஃபெர்னோவுக்கு ரசிகர்கள் இரண்டு விதமாகக் கருவி செய்தார்கள். ஒன்று இன்ஃபெர்னோ டிரெய்னர் மாதிரியானது. டிக் கடிகாரம், கட்டத் தரை, அரக்கர்களின் நடை எல்லாவற்றையும் பிரவுசரில் மறுபடி கட்டி, வேண்டிய அலையில் இறங்கி ஆடவிடும். மற்றொன்றில் சண்டையே இல்லை, வெறும் வரைபடம். இந்த அரக்கன் இந்தக் கட்டத்தில் முளைத்தால், நான் இந்தத் தூணுக்குப் பின்னால் இந்தக் கட்டத்தில் நின்றால், அவன் எங்கே நகர்வான், அவனுக்கு நான் தெரிவேனா என்று நகர்த்தி நகர்த்திப் பார்க்கலாம். டிக்குக்கு டிக் ஒரே விதியில் நகர்கிற எதிரி என்பதால்தான் இது சாத்தியமாகிறது. நான் இந்த இரண்டாவதைத்தான் பெரிதாக மதிப்பேன். கையைப் பழக்குவது எந்த மெஷினும் செய்யும். எங்கே நிற்க வேண்டும் என்று உட்கார்ந்து யோசிக்க, கேம் ஒருபோதும் தராத நேரத்தை இது தருகிறது.

ஃபைனல் ஃபேன்டஸி 14 பற்றியும் ஒரு பத்தி சொல்லியாக வேண்டும். அதில் 'அல்டிமேட்' என்று அழைக்கப்படும் சண்டைகளை எட்டுப் பேர் சேர்ந்துதான் ஆட முடியும். முதலாவது 2017இல் வந்தது. எட்டுப் பேரில் ஒருவர் தப்பான இடத்தில் நின்றால் எட்டுப் பேரும் காலி. அங்கே பயிற்சியின் விலை நம் நேரம் மட்டும் இல்லை, மற்ற ஏழு பேருடைய மாலையும்தான். அதனால் ரசிகர்கள் செய்யும் சிமுலேட்டர்களில் ஏழு பேரைக் கம்ப்யூட்டரே ஆட்டி வைக்கிற வகை உண்டு. அவர்கள் ஒருபோதும் தப்பு செய்வதில்லை, திட்டுவதும் இல்லை. இந்தக் கேமில் அடி பட்டதா என்பது வெடிப்பு கண்ணில் தெரியும் கணத்தில் முடிவாவதில்லை. எதிரி மந்திரம் சொல்லும் பட்டை நிரம்பும்போதே யார் எங்கே நிற்கிறார்கள் என்று கணக்கு எடுத்தாகிவிடும். அப்புறம் நீங்கள் வெளியே ஓடி வந்திருந்தாலும் அடி விழும்; பட்டை நிரம்பிய பின் உள்ளே நுழைந்தாலும் ஒன்றும் ஆகாது. இதைத் தெரியாமல் வெடிப்போடு சேர்த்துக் கணக்குப் போடும் சிமுலேட்டர் நேர்த்தியான தப்பைச் சொல்லிக்கொடுக்கும்.

கேமே தந்தால்?

இதையெல்லாம் கேம் செய்கிறவர்களே ஏன் தரக் கூடாது என்று கேட்கலாம். தந்திருக்கிறார்கள். 1987இல் நின்டெண்டோவின் மைக் டைசன்ஸ் பஞ்ச் அவுட் கேமில் கடைசி எதிரி அந்த நிஜக் குத்துச்சண்டை வீரர் டைசன்தான். முதல் ஒன்றரை நிமிடம் அவருடைய அப்பர்கட் ஒன்று பட்டாலே கீழே விழ வேண்டியது. ஆனால் 007 373 5963 என்ற கடவுச்சொல்லைத் தட்டினால் வழியில் யாரோடும் மோதாமல் நேராக டைசனிடம் போய் நிற்கலாம். எத்தனையோ பேருக்கு அந்தப் பத்து எண்ணும் இன்றும் மனப்பாடம். தோட்டாக்கள் மழையாகப் பொழியும் ஜப்பானின் டோஹோ வரிசையில் 2004இல் வந்த இம்பெரிஷபிள் நைட் கேமில், ஒரு தடவை எதிர்கொண்ட தாக்குதலைப் பெயர் சொல்லித் தேர்ந்தெடுத்து அதை மட்டும் ஆடிப் பார்க்கத் தனிப் பிரிவே உண்டு. ஆஸ்திரேலியாவின் டீம் செர்ரி 2018இல் ஹாலோ நைட் கேமுக்குத் தந்த இலவச இணைப்பில் பாஸ்களின் சிலைகள் வரிசையாக நிற்கும் மண்டபம் வந்தது. சிலை முன்னால் நின்று கூப்பிட்டால் அந்த பாஸோடு மோதலாம், தோற்றால் அதே சிலை முன்னால் எழுந்து நிற்போம்.

ஆனால் சான்ஸுக்கு அப்படி ஒரு மண்டபத்தை டோபி ஃபாக்ஸ் வைக்கவில்லை, வைத்திருந்தால் அந்தச் சண்டை கெட்டுப்போயிருக்கும் என்பேன். எல்லோரையும் கொன்றுவிட்டு வந்தவனை, இன்னுமா விடமாட்டாய் என்று சலிக்க வைப்பதுதான் அந்தச் சண்டையின் நோக்கம். நடையும் பேச்சும் எரிச்சலும் அதற்காகத்தான். முதல் தடவை ஆடுகிறவர்கள் ஒரு இருபது தடவையாவது சிமுலேட்டர் இல்லாமல் சாகட்டும் என்று நான் சொல்வது அதனால்தான். கதையை அனுபவித்தாகிவிட்டது, இனிமேல் ஜெயிக்க மட்டும் வேண்டும் என்ற கட்டம் வந்த பிறகு மெஷினிடம் போகலாம்.

இது ஏமாற்று வேலையா என்று அக்கா ஒரு தடவை கேட்டாள். பிட் அடிப்பது மாதிரியா என்பது அவள் கவலை. இல்லை. சிமுலேட்டர் அசல் கேமில் ஒரு புள்ளிகூட ஏற்றித் தராது. உங்களுக்குப் பதிலாகப் பொத்தானும் அழுத்தாது. அப்படி அழுத்தித் தரும் மென்பொருள் தனி, அதற்குத்தான் கேம் நிறுவனங்கள் கணக்கை முடக்கும். இது பழைய கேள்வித்தாளை வைத்து வீட்டில் எழுதிப் பார்ப்பது போலத்தான்.

பயன்படுத்தும்போது

நான் செய்த தப்பைச் சொல்கிறேன். இரண்டாவது வாரக் கடைசியில் சிமுலேட்டரில் முழுச் சண்டையையும் மூன்று தடவை தொடர்ந்து ஜெயித்தேன். நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு அசலைத் திறந்தேன். நடைக்கூடத்தில் நடந்தேன். இரண்டாவது தாக்குதலில் செத்தேன். அடுத்த தடவையும் அதே இடம்.

காரணம் யோசித்தால் சிரிப்பாகத்தான் இருந்தது. சிமுலேட்டரை ஆபீஸ் கீபோர்டில் ஆடியிருந்தேன், அசலை லேப்டாப்பின் குட்டி அம்புக்குறிகளில். மேல் அம்பும் கீழ் அம்பும் ஒரே சாவியை இரண்டாக வெட்டியது போல இருக்கும் அந்த வகை. நீல இதயம் குதிக்கும் உயரம் மேல் அம்பை எவ்வளவு நேரம் அழுத்துகிறோம் என்பதைப் பொறுத்தது. விரலுக்கு அந்த அழுத்தம் புதிதாக இருந்தது. ஆகவே எதில் ஜெயிக்கப் போகிறீர்களோ அதிலேயே பழகுங்கள். கண்ட்ரோலர் என்றால் கண்ட்ரோலர், கீபோர்டு என்றால் அதே கீபோர்டு.

அப்புறம், முழுச் சண்டையை ஆட வேண்டும் என்று கை பரபரக்கும். அடக்கிக்கொள்ளுங்கள். எங்கே விழுகிறீர்களோ அந்த ஒன்றை மட்டும் எடுங்கள். முதல் பத்து தடவை தப்பிக்கவே முயல வேண்டாம், ஒரு மூலையில் நின்று எலும்பு எங்கிருந்து வருகிறது என்று வேடிக்கை மட்டும் பாருங்கள். நீல எலும்பு வந்தால் அசையாமல் நின்றாலே அது ஊடுருவிப் போய்விடும், வெள்ளையைத்தான் விலக வேண்டும் என்பது போன்ற விஷயங்கள் ஓடிக்கொண்டிருப்பவன் கண்ணில் படாது. இருபது நிமிடத்துக்கு மேல் ஒரே தாக்குதலில் உட்காராதீர்கள், கை தப்பையே பழக ஆரம்பிக்கும். மறுநாள் வந்து பார்த்தால் முந்தின நாள் வராதது காரணமே இல்லாமல் வரும்.

ஒன்று மட்டும் எந்தச் சிமுலேட்டரிலும் கிடைக்காது, அது பதற்றம். அங்கே தோற்றால் எதுவும் போகாது என்பதால் நெஞ்சு அடித்துக்கொள்ளாது. அசலில் உயிர் பன்னிரண்டு புள்ளியில் நிற்கும்போது, இதோ முடிந்துவிட்டது என்று தெரியும்போது, வேர்த்து வழுக்கும் கட்டைவிரலுக்கு அங்கே பயிற்சி இல்லை. அக்கா மகன் இதற்கு ஒரு வழி கண்டுபிடித்திருந்தான். சிமுலேட்டரில் ஒரு தடவை தோற்றால் மாடிக்குப் போய்த் துணி எடுத்து வர வேண்டும் என்று தனக்குத் தானே விதி. அக்காவுக்கு அந்த வாரம் கொடியில் ஒரு துணி மிஞ்சவில்லை.

லீவு முடிய மூன்று நாள் இருக்கும்போது அசலில் ஜெயித்தான். இந்தக் கேமை இனிமேல்தான் ஆடப் போகிறவர்கள் இந்தப் பத்தியை விட்டுவிடலாம். கடைசியாகத் தன்னுடைய விசேஷத் தாக்குதல் என்று பெரிதாக மிரட்டிக்கொண்டே வருகிற சான்ஸ், அந்த இடம் வந்ததும் எதுவுமே செய்வதில்லை. சும்மா நிற்பான். தன் முறையை முடிக்காமலே வைத்துக்கொண்டால் உன் முறை வரவே வராது, சலித்துப்போய் நீயே விட்டுவிடுவாய் என்பான். பெட்டிக்குள் எலும்பு இல்லை, ஒளி இல்லை, இதயம் மட்டும் கிடக்கிறது. பையன் என்டரைத் தட்டினான், அம்பைத் தட்டினான், என்னைத் திரும்பிப் பார்த்தான். "மாமா, ஹேங் ஆயிடுச்சா?"

"பேசாம உட்காரு" என்றேன்.

கொஞ்ச நேரத்தில் சான்ஸின் கண் சொருகத் தொடங்கியது.